ஆட்சேபணை

அணைக்கட்டு தாலுகா ஆபீஸில்
மின்விசிறிக்குக் கீழே இருக்கும் பெஞ்சு
காலையிலேயே நிறைந்துவிடும்.
வெயில் விழும் பெஞ்சின் இரு முனைகளில்
அண்ணனும் நானும்.
நடுவில் என் டிபன் டப்பா.

ஆம்பூர் ஷூ கம்பெனியில்
எனக்கு இன்று அரை நாள் போச்சு.
என் மிஷினில் மேல்தோல் தைக்க
வேறொருத்தி உட்கார்ந்திருப்பாள்.
வளைவில் அவளுக்கு நூல் அறுந்துகொண்டே இருக்கும்.

"தேசிங்கு!"
உள்ளிருந்து கூப்பிடுகிறார்கள்.
செத்துப் பதினாலு மாதமான ஆளை
இவ்வளவு சத்தமாக
வீட்டில்கூட யாரும் கூப்பிடவில்லை.
இரண்டு பேரும் எழுந்தோம்.

புல எண் இருநூற்றுப் பதினாலின் கீழ் இரண்டு பி.
ஒன்றே முக்கால் ஏக்கர்,
கிணற்றில் பாதி.
மீதிப் பாதி பங்காளி ஜெகநாதனுக்கு.
அது வேறு வழக்கு.

அண்ணன் கையில் தான செட்டில்மெண்ட்.
என் கையில் வாரிசுச் சான்று:
யசோதம்மாள், கஜபதி, தனபாக்கியம்.
என் பெயருக்கு நேரே 'மணமானவர்'.
அண்ணன் பெயருக்கு நேரேயும் அதுதான்.
அவனை அந்தச் சொல்
எந்த ஊருக்கும் அனுப்பிவிடவில்லை.

செட்டில்மெண்ட்டில் கையெழுத்து இல்லை,
இடது பெருவிரல் ரேகை.
அப்பாவுக்குக் கையெழுத்து வரும்.
மற்ற எழுத்தையெல்லாம் முடித்துவிட்டுக்
கடைசியில் திரும்பிப் போய்
தே-வுக்குக் கொம்பு போடுவார்,
மாட்டுப் பொங்கலன்று வர்ணம் தீட்டுகிற நிதானத்தில்.

"வலது கையில ஊசி ஏறிட்டிருந்தது மேடம்,
பேனா புடிக்க முடியல" என்கிறான் அண்ணன்.
அது நிஜம்.
பாட்டில் மாற்றச் சொல்லி நர்ஸைக் கூப்பிட ஓடினவள் நான்.

வி.ஏ.ஓ. அறிக்கையில் அனுபவம் அண்ணனுடையது,
பயிர் கரும்பு.
கடைசிக் கரும்பு ஆலைக்குப் போய் மூன்று வருஷம்.
இப்போது வரப்பு தெரியாமல் சீமைக்கருவேலம்.
அடங்கலில் மட்டும்
தவறாமல் மறுதாம்பு துளிர்க்கிறது.

அந்த மேடம் என்னைவிடச் சின்னவள்.
வேர்வையில் பொட்டு இறங்கியிருந்தது.
தலை தூக்காமல் படித்தாள்:
"உரிமை குறித்துத் தகராறு இருப்பதால்
பட்டா மாறுதல் மனு நிராகரிக்கப்படுகிறது.
உரிமையியல் நீதிமன்றத்தை அணுகிப்
பரிகாரம் தேடிக்கொள்ளலாம்."
பரிகாரம் என்றால் எனக்குத் தெரிந்தது
சனிக்கிழமை எள் விளக்குதான்.

எதிர்க் கடையில் இருபது ரூபாய் கொடுத்துச்
சிட்டா நகல் கேட்டேன்.
சின்னப்பையன் மகன் தேசிங்கு
வந்துவிட்டார், ஒரு நிமிஷம் ஆகவில்லை.
மிஷினிலிருந்து எடுத்த தாள்
கையில் இளஞ்சூடாக இருந்தது.
நாங்கள் சண்டை போடுகிற வரைக்கும்
நிலம் அவர் பேரில்தான்.

என் ஆட்சேபணை மனு நான்கு பக்கம்.
அதில் எழுதாதது ஒன்று:
அடுக்கம்பாறை ஆஸ்பத்திரியில் அன்று சாயங்காலம்
அப்பாவின் கட்டைவிரல் நீலமாக இருந்தது.
ஆபரேஷன் பாரமாக இருக்கும் என்று
தேங்காயெண்ணெய் தொட்டு
முந்தானையால் அழுத்தித் துடைத்தேன்.
அவர் விரலை இழுத்துக்கொள்ளவில்லை.
"போயிடுச்சும்மா, விடு" என்றார்.
விடாமல் இன்னும் கொஞ்சம் தேய்த்தேன்.

அந்தப் புடவை பீரோவின் அடித்தட்டில்.
யார் பக்கம் சாட்சி சொல்லுமோ தெரியாது,
வக்கீலிடம் காட்டவில்லை.
துவைக்கவும் இல்லை.

வெளியே அண்ணன்
எக்ஸெல்லை மூன்று தடவை உதைத்தான்.
"மூணரை பஸ்ஸு போயிடும். ஏறு."
ஏறினேன்.
அவன் ஃபைல் முன்னால் அரிசி மூட்டை வைக்கிற இடத்தில்,
என் ஃபைல் அவன் முதுகுக்கும் எனக்கும் நடுவில்.
பள்ளத்தில் இறங்கும்போதெல்லாம்
அதன் முனை அவனைக் குத்தியிருக்க வேண்டும்.
ஒன்றும் சொல்லவில்லை.
பஸ் ஸ்டாண்டு வந்ததும்
டிபன் டப்பாவில் மிச்சமிருந்த எலுமிச்சைச் சாதத்தை
நின்றபடியே தின்றான்.
உப்பு கம்மி என்றான்.